மந்திரியம்மா வீட்டுக்காரர்

மாலைகளுக்கு நடுவே மூக்கும் பொட்டும் மட்டும் தெரிய மேடையில் அவள் நிற்கிறாள், நத்தக்காட்டுப் பள்ளி மைதானம் முழுக்கத் தலைகள், பொன்னாடை போர்த்தும் வரிசையில் ஒன்றியச் செயலாளருக்கும் பின்னால் நான், இந்தப் பள்ளியின் தலைமையாசிரியர், மந்திரி பொற்கொடிக்குத் தாலி கட்டியவன், ஒரே ஒரு வார்த்தை, என்னை ஆளாக்கியது அவர்தான் என்று இன்றைக்காவது அவள் மைக்கில் சொல்லிவிட வேண்டும், அதற்காகத்தான் காலையிலேயே சவரம் செய்துகொண்டு வந்து நிற்கிறேன், வெட்கங்கெட்ட மனசு.

எனக்கு வரவேண்டிய இடம் அது, இரண்டு பேரும் இதே பள்ளியில்தான் வாத்தியார் வேலை பார்த்தோம், ஊரில் கல்யாணமோ சாவோ முதலில் போய் நிற்பவன் நான், அடுத்த ஊராட்சித் தலைவர் சார்தான் என்று டீக்கடை வரைக்கும் பேச்சு, கடைசி நேரத்தில் பதவியைப் பெண்களுக்கென்று ஒதுக்கிவிட்டார்கள், அடச்சீ என்றாகிவிட்டது, அதனாலென்ன, பேர் அவளுக்கு, அதிகாரம் நமக்கு என்று அவளை வேலையை விட்டுத் தேர்தலில் நிற்கச் சொன்னதே நான்தான், எனக்கு வேணாங்க, புள்ளைங்களுக்குப் பரீட்சை வருது என்று அழுதாள், நீ கையெழுத்து மட்டும் போடு, மத்ததை நான் பாத்துக்கறேன் என்றேன், நன்றாகப் பார்த்துக்கொண்டேன் போ, முதல் பிரச்சாரக் கூட்டத்துக்கு நான் எழுதிக் கொடுத்த பேச்சை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு, ஏம்மா, தண்ணிக்கு எவ்வளவு தூரம் நடக்கிறீங்க என்று வகுப்பில் கேட்பதுபோலக் கேட்டுவிட்டுப் பதிலுக்காகச் சும்மா நிற்கிறாள், அப்படி நிற்க எனக்கு ஒருநாளும் வந்ததில்லை, பெண்கள் ஒவ்வொருத்தியாக எழுந்து பேசுகிறார்கள், எனக்கு வயிறு எரிகிறது, ஜெயித்த பிறகு ஊராட்சி அலுவலகத்தில் கிளார்க் எதிரிலேயே, ஏங்க, அது தலைவர் நாற்காலி, நீங்க இந்தப் பெஞ்சுல உக்காருங்க என்றாள், குரலில் துளி கோபமில்லை, அதைத்தான் தாங்க முடியவில்லை, ஓணானை எடுத்து மடியில கட்டிக்கிட்டு குத்துது குடையுதுன்னா எப்படி சார் என்று டிராயிங் மாஸ்டர் சவரிமுத்து சிரித்தார், பிறகு எம்.எல்.ஏ., பிறகு மந்திரி, அவள் சென்னையில், நான் இங்கே, கனவில் அந்த மாலையெல்லாம் என் கழுத்தில்தான் விழுகிறது, கனவிலும் பாழாய்ப்போன கூட்டம் பொற்கொடி டீச்சர் வாழ்க என்றுதான் கத்துகிறது.

என் முறை வந்துவிட்டது, போர்த்துகிறேன், குனிந்து காதோரம், மாத்திரை போட்டீங்களா என்கிறாள், போட்டேன் என்கிறேன், போடவில்லை, இறங்கி வந்து முன்வரிசையில் உட்கார்கிறேன், மாலைகளைக் கழற்றிக் கொடுத்துவிட்டு மைக்கைப் பிடிக்கிறாள், இப்போது முழு முகமும் தெரிகிறது, நான் இங்க நிக்கிறதுக்குக் காரணமே எங்க வீட்டுக்காரர்தான், வேணாம் வேணாம்னு அழுதவளை அவருதான் புடிச்சு நிக்க வச்சாரு, அவரு இல்லேன்னா நான் இல்லே என்று என்னைக் கைகாட்டுகிறாள், சொல்லிவிட்டாள், ஊருக்கு முன்னால் சொல்லியேவிட்டாள், கண் கலங்க எழுந்து கும்பிடுகிறேன், மைதானமே எழுந்து கைதட்டுகிறது, பின்னால் ஒருத்தி, பாருடி, மந்திரியானாலும் புருஷனை மறக்கல, இவ பொம்பள என்கிறாள், திரும்பிப் பார்க்கிறேன், எல்லாருடைய கண்ணும் மேடையில், ஒரு கண்கூட என் பக்கம் இல்லை, அந்தக் கைதட்டலும் அவளுக்குத்தான்.