கரண்டிச் சத்தம்

"இதுதான் கடைசித் தடவை. பத்து நிமிஷத்துக்கு மேல ஃப்யூல் தாங்காது" என்று ஹெலிகாப்டரின் முன்னால் இருந்து பைலட் சொன்னபோது, கேபிள் பாதிதான் இறங்கியிருந்தது. "சரி சார்" என்றேன். காலையிலிருந்து கடலில் ஏழு இடங்களில், தண்ணீருக்கடியில் ஒலி பிடிக்கும் சோனாரை இறக்கிக் கேட்டாயிற்று. ஏழிலும் மீன்களின் சலசலப்பும் தூரத்துச் சரக்குக் கப்பலின் முனகலும்தான் கிடைத்தன. ஹெட்போனுக்குள் காது வெந்துபோயிருந்தது. இது எட்டாவது இடம்.

என் வேலை என்னவென்று யாராவது கேட்டால், ஒட்டுக்கேட்பது என்று சொல்வேன். போர்க்கப்பலிலும் சோனார் இருக்கிறது. ஆனால் கப்பல் வரும் சத்தம் நீர்மூழ்கிக்கு வெகு நேரம் முன்பே கேட்டுவிடும். அது பாட்டுக்கு நழுவிவிடும். ஹெலிகாப்டர் அப்படியல்ல. அலைக்குச் சற்று மேலே அசையாமல் நின்று, கிணற்றில் வாளி இறக்குவதுபோல் கேபிளில் சோனாரை இறக்கி, சில நிமிடம் கேட்டுவிட்டு, சுருட்டிக்கொண்டு அடுத்த இடத்துக்குத் தாவிவிடுவோம். அடுத்து எங்கே இறக்குவோம் என்று கீழே இருப்பவர்களுக்குத் தெரியாது. அந்த ஒரு காரணத்துக்காகவே இத்தனை பெரிய கப்பற்படை எங்களைத் தளத்தில் சுமந்துகொண்டு திரிகிறது. பைலட்டுகள் இருவரும் முன்னால் வெளிச்சத்தில் உட்கார்ந்திருப்பார்கள். பின்னால், ஜன்னல்கூட ஒழுங்காக இல்லாத மூலையில் உட்கார்ந்து கேட்பவள் நான். நீர்மூழ்கி அகப்பட்டால் பெருமை மூவருக்கும். அகப்படாவிட்டால் பழி எனக்கு மட்டும்.

அகப்படாத கதை ஏற்கெனவே இரண்டு முறை நடந்துவிட்டது. தொடர்ந்து மூன்று பயிற்சிகளில் கோட்டைவிட்டால் ஹெலிகாப்டரிலிருந்து இறக்கி, கிடங்கில் உதிரிபாகங்களுக்குச் சீட்டு ஒட்ட அனுப்பிவிடுவார்கள். சீட்டு ஒட்டுவது கேவலமான வேலை என்று சொல்லவில்லை. ஆனால் தரைக்கும் வானத்துக்கும் நடுவே தொங்கிக்கொண்டு கடலின் அடிவயிற்றைக் கேட்டவளுக்கு அது ஒத்துவராது. நான் இந்த இருக்கையை நேசித்தேன். எண்ணெய் வாடை, பல் கிட்டும் அதிர்வு, எல்லாவற்றையும்தான்.

இதில் வயிற்றெரிச்சலான விஷயம் ஒன்று உண்டு. பயிற்சியில் எதிரியாக ஒளிந்துகொள்வது எங்கள் படையின் நீர்மூழ்கிதான். அதன் சமையல்காரன் என் அண்ணன். இரண்டு முறையும் தப்பித்தது அவர்கள்தான். ஒவ்வொரு விடுமுறைக்கும் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து, "பாவம், நேத்தும் எங்க தலைக்கு மேலதான் நின்னிங்க. நான் வெங்காயம் உரிச்சிட்டு இருந்தேன்" என்பான். அம்மா சிரிப்பை அடக்க முந்தானையைத் தேடுவாள். வேட்டை நேரத்தில் நீர்மூழ்கிக்குள் யாரும் பேசமாட்டார்கள், ரப்பர் செருப்பில்தான் நடப்பார்கள், எஃகுக் கரண்டியைப் பூட்டி வைத்துவிட்டு மரக்கரண்டியால்தான் கிளறுவார்கள் என்பதெல்லாம் அவன் பெருமையடித்துத்தான் எனக்குத் தெரியும்.

சோனார் ஆழத்துக்குப் போய் நின்றது. கண்ணை மூடிக்கொண்டேன். முதல் நிமிடம் ஒன்றுமில்லை. இரண்டாவது, மூன்றாவது, ஒன்றுமில்லை. கிடங்கில் எந்த மேஜை கிடைக்கும், ஜன்னலோரமாகக் கேட்கலாமா என்று யோசிக்கத் தொடங்கிவிட்டேன். அப்போதுதான் கேட்டது.

டங். ஒரு நொடி விட்டு, கொஞ்சம் மெதுவாக, இன்னொரு டங்.

கண் தானாகத் திறந்துகொண்டது. அதைக் கேட்டுத்தான் நான் வளர்ந்தேன். பன்னிரண்டு வயதில் அடுப்படிக்குள் நுழைந்த நாளிலிருந்து அண்ணன் எதைக் கிளறினாலும் கடைசியில் கரண்டியைப் பாத்திர விளிம்பில் இரண்டு முறை தட்டுவான். முதல் தட்டு வலுவாக, இரண்டாவது போனால் போகிறது என்பதுபோல். "பாத்திரத்தோட உனக்கு என்னடா சண்டை?" என்று அம்மா கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டாள்.

"சார், கீழ இருக்காங்க. வடகிழக்கு."

"உறுதியா?" பைலட்டின் குரலில் சந்தேகம் இருந்தது. கேட்டதில் தப்பில்லை. பயிற்சி விதிப்படி ஒரே ஒரு முறைதான் 'பிடித்துவிட்டோம்' என்று அறிவிக்கலாம். தப்பாக அறிவித்தால் கோட்டைவிட்ட கணக்குத்தான்.

"உறுதி சார். எங்கண்ணன் சமைக்கிறான்."

"என்னம்மா சொல்றீங்க?" என்றார்.

"கரண்டியைத் தட்டினான் சார். எனக்குத் தெரியும்."

அவர் நான்கு வருடமாக என்னோடு பறக்கிறார். ஃப்யூல் முள்ளைப் பார்த்திருப்பார், என்னையும் நினைத்திருப்பார். "அடிங்க" என்றார். வடகிழக்கைக் குறிவைத்து ஒலியை எழுப்பினேன். போன சத்தம் எதிலோ மோதி, பளிச்சென்று திரும்பி வந்தது. அறிவித்தோம். ஒரு நிமிடம் கடல் எதுவும் தெரியாததுபோல் கிடந்தது. அப்புறம் எங்களுக்கு வலப்பக்கம் தண்ணீர் குமிழ்விட்டு, பச்சைப் புகை குபுகுபுவென்று எழும்பி வந்தது. அகப்பட்டுக்கொண்ட நீர்மூழ்கி தோல்வியை ஒப்புக்கொண்டு அனுப்பும் புகை. நான் போட்ட கூச்சலில் துணை பைலட் ஹெட்போனைக் கழற்றிவிட்டார். கப்பல் தளத்தில் இறங்கியதும் கால் தரையில் பாவவில்லை, மெக்கானிக்குகள் எல்லோருக்கும் கைகொடுத்தேன்.

அறிக்கையில் 'உலோகச் சத்தம், இருமுறை' என்று மட்டும் எழுதினேன். ஆனால் நீர்மூழ்கியின் கேப்டன் விவரமானவர். அதைப் படித்த அன்றே சமையலறைக்குப் போய் நின்றிருக்கிறார். மரக்கரண்டி முந்தின நாளே முறிந்துபோனதும், அண்ணன் யாரிடமும் சொல்லாமல் எஃகுக் கரண்டியை எடுத்ததும் வெளியே வந்தன. தண்டனை எளிமையானது. வரும் ஞாயிற்றுக்கிழமை அண்ணன் தன் கையால் சமைத்து எங்கள் ஹெலிகாப்டர் ஆட்களுக்குப் போட வேண்டும்.

அந்த ஞாயிறு துணை பைலட்டுக்குக் காய்ச்சல், பைலட் மட்டும் வந்தார். என்னை நிரந்தரமாக அந்த இருக்கையில் வைத்துக்கொள்ளலாம் என்று அவர் கையெழுத்திட வேண்டிய தாளையும் கொண்டுவந்திருந்தார். எங்கள் வீட்டுச் சமையலறையிலேயே மேஜை போட்டிருந்தோம். தாளை விரித்து, பேனா மூடியைத் திறந்தார். அம்மா அவருக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். அடுப்பில் பெரிய பாத்திரத்தில் சூப் கொதித்தது.

"ஒரு உண்மையைச் சொல்லிடறேன் சார்" என்றான் அண்ணன். "நான் வேணும்னேதான் தட்டினேன். மூணாவது தடவையும் தோத்துட்டா வேலை போயிடும்னு வீட்ல ஒரே புலம்பல். கூடப்பிறந்தவளாச்சே, மனசு கேக்கல."

"அண்ணா!"

"நெஜமா?" பைலட் பேனாவை நிறுத்தினார். "அப்படின்னா இவங்க கண்டுபிடிக்கல. நீங்க காட்டிக் கொடுத்திருக்கீங்க." மூடியை மறுபடி மாட்டினார்.

"இவன் பேச்சைக் கேக்காதீங்க தம்பி. வாயைத் தொறந்தா புளுகு" என்றாள் அம்மா. ஆனால் அவள் முகத்திலும் ஒரு குழப்பம் வந்துவிட்டது. எனக்கோ கண் கரித்தது. ஒருவேளை உண்மைதானோ? அந்த ஒரு வாரச் சந்தோஷம் முழுவதும் இவன் போட்ட பிச்சைதானா? தோற்றதை ஒப்புக்கொள்ள அவனுக்கு நாக்கு வளையாது என்று தெரியும். தெரிந்தாலும் வலித்தது.

அண்ணனுக்கு வெற்றிக் களிப்பு தாங்கவில்லை. அடுப்புப் பக்கம் திரும்பிக் கிளறிக்கொண்டே பேச்சைத் தொடர்ந்தான். "நானெல்லாம் பதினோரு வருஷமா தண்ணிக்குள்ள சமைக்கிறேன் சார். வேட்டைன்னு சொல்லிட்டா ஒரு கரண்டி, ஒரு மூடி, ஒரு சின்னச் சத்தம் என் கையை மீறி வராது. கை என் பேச்சைத்தான் கேக்கும்." கரண்டியை உயர்த்தினான்.

டங். ஒரு நொடி விட்டு, கொஞ்சம் மெதுவாக, டங்.

அண்ணன் எங்களுக்கு முதுகைக் காட்டியபடி அப்படியே நின்றான். கரண்டி பாத்திரத்துக்கு மேலே அந்தரத்தில் நின்றது, அதன் நுனியில் ஒரு சொட்டு சூப் விழலாமா வேண்டாமா என்று தொங்கியது. அவனுடைய காது மடல்கள் இரண்டும் மெல்லச் சிவந்துகொண்டு வந்தன. அம்மா முந்தானையைத் தேடினாள். எனக்குப் பின்னால், மேஜையில், பேனாவின் மூடி மறுபடி கழலும் சின்னச் சத்தம் எனக்குக் கேட்டது.