மாப்பிள்ளையின் நகல்

சான்றிதழ் நகல்களை அசலோடு ஒப்பிட்டு முத்திரை குத்துவது என் உத்தியோகம். இருபது வருஷத்தில் ஒரு போலிகூட என் கண்ணுக்குத் தப்பியதில்லை. அப்பேர்ப்பட்ட என்னிடமே, ஜெராக்ஸ் கடை வைத்திருக்கும் என் தங்கை புருஷன் கதை அளந்தார்.

"மச்சான், நான் நகல். அசல் வெளியே போயிருக்கார். வந்ததும் சொல்றேன்."

சொந்தம் வேண்டாமென்று அசலில் மாப்பிள்ளை பார்த்தவன் நான். அந்த மாப்பிள்ளையோ, தான் அசலே இல்லை என்கிறார்!

நகல் கையெழுத்து செல்லாது என்று எதிலும் கையெழுத்துப் போட மறுத்தார். அடுத்தவர் கட்டில் என்று கூடத்தில் பாய் விரித்துப் படுத்தார். என் தங்கையை "நீங்க" என்றார். "சாப்பிட்டீங்களா?" என்று கேட்டார். பாத்திரமும் கழுவினார். என் பதினெட்டு வருஷக் கல்யாண வாழ்க்கையில் நான் ஒரு தம்ளர்கூடக் கழுவியதில்லை; புத்தி தெளிவாக இருக்கிறது.

"டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போறேன்" என்றேன்.

தங்கை வெங்காயம் நறுக்குவதை நிறுத்தவில்லை. "எதுக்குண்ணா? நல்லாத்தானே இருக்கார்."

"தான் யாருன்னே தெரியாதவன் நல்லா இருக்கானா?"

"தெரிஞ்சிருந்தப்போ சோத்துத் தட்டைத் தூக்கி எறிஞ்சார். உன்கிட்ட வந்து அழுதேன். 'அனுசரிச்சுப் போம்மா'ன்னே. இப்போ நீ அனுசரிச்சுப் போ."

இவளுக்கும் கழன்றுவிட்டது என்று முடிவு கட்டி, மாப்பிள்ளையைக் கிளப்பினேன். "அவங்ககிட்ட ஒரு வார்த்தை சொல்லிட்டு வரேன்" என்று உள்ளே ஓடியது நகல். அசல் ஒருநாளும் சொல்லிக்கொண்டு போனதில்லை.

இரண்டு மாதத்தில் மாத்திரை வேலை செய்தது. "மச்சான், வந்துட்டேன்!" என்று போன் வந்ததும் பறந்து போனேன். வாசல் திண்ணையில் கால்மேல் கால் போட்டு உட்கார்ந்திருந்தார். "ஏய், காபி எங்கடி?" என்று உள்ளே பார்த்துக் கத்தினார். ஒப்பிட்டுப் பார்த்தேன். சந்தேகமே இல்லை, அசல்தான்.

தங்கை ஒரு பெட்டியோடு வந்தாள்.

"எங்கம்மா கிளம்பிட்டே?"

"நான் எங்கேயும் போகலை. இது அவர் பெட்டி. நீதானே தேடிப் பிடிச்சுக் கொண்டுவந்தே? உன் வீட்டுலயே வச்சுக்கோ." கதவைச் சாத்தித் தாழ் போட்டாள்.

வேறு வழியில்லாமல் வீட்டுக்குக் கூட்டி வந்தேன். உட்காரும் முன்பே மாப்பிள்ளை காபிக்குக் கத்தினார். பழக்கதோஷத்தில் நானும், "எனக்கும் ஒண்ணு!" என்று குரல் கொடுத்தேன்.

என் மனைவி சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தாள். எங்கள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு நிதானமாகக் கேட்டாள்.

"அந்த டாக்டர் நகலாக்கறதுக்கும் மாத்திரை தருவாரா? ரெண்டு பேருக்கு வேணும்."