கத்தி எடுக்காத வீடு

வின்சென்ற் குசினி மேசைக்கு முன்னால் முழந்தாளிட்டு, சப்பாத்துப் பெட்டியளவான அந்தக் குட்டி அறைக்குள் கைபேசி வெளிச்சத்தை அடித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். இன்னும் சற்று நேரத்தில் மனைவி யோசெப்பினுக்கு அடக்கப் பூசை. அவர் ரை கூடக் கட்டவில்லை.

யோசெப்பின் பென்சன் எடுத்த பிறகு பொம்மை வீடுபோலச் செய்த குட்டி அறைகள் அம்மருட்டில் அவர்கள் வீட்டுத் தட்டுகளெல்லாம் நிறைந்திருந்தன. எல்லாவற்றிலும் விரல்நீள ஆட்கள் இருப்பார்கள். கடைசியாகச் செய்த இதில் மட்டும் ஒரு சீவனும் இல்லை. சுவரில் திமிங்கில ஈட்டி, மூலையில் கொழுப்பு விளக்கு, தரையில் தோல் விரிப்பு, துணியால் சுற்றிய கத்தி. நடுவில், சொல்லாமல் கொள்ளாமல் வந்த விருந்தாளிபோல, ஒரு கை உடைந்த மண்ணிறக் கதிரை. அவள் கண் மூடிய நாளிலிருந்து அந்தக் கதிரை அவரை விடவில்லை. சவப்பெட்டி மண்ணுக்குள் போக முதல் தெரிந்தாக வேண்டும்.

"எம்மா, இஞ்சை வா. இது நாங்கள் முந்தி வடக்கிலை, பின்மார்க்கிலை இருக்கேக்கை வைச்சிருந்த கதிரையல்லோ?"

துரொண்ட்ஹெய்மிலிருந்து வந்திருந்த மகள் றோசாக் கட்டை அவிழ்த்தபடி எட்டிப் பார்த்தாள். "ஓம் அப்பா. ஆனா இந்த வீடு அலாஸ்காவிலை திமிங்கிலம் பிடிக்கிற கப்டனின்ரை. அம்மாவோடை மீன் பக்டரியிலை நிண்ட அந்த ஊர் இன்யூபியாட் ஆன்ரி சொன்ன வீடு."

"அதுக்குள்ளை எங்கட கதிரைக்கு என்ன வேலை?"

"ஆம்பிளையள் கடலுக்குப் போனால் கப்டனின்ரை மனிசி அசையாமல் இருக்கோணுமாம். கத்தி தொடக்கூடாதாம். அவ அமைதியா இருந்தால்தான் திமிங்கிலமும் அமைதியா வருமாம்." எம்மா நிமிர்ந்தாள். "அம்மா சொல்லேல்லையே? நீங்கள் போட்டிலை மீன்பிடிக்கப் போற நாளெல்லாம் அவவும் அப்பிடித்தான் இருந்தவ. கையிலை செபமாலையும் இருக்கும். எங்கட செபம், அவையின்ரை வழக்கம் எண்டு ரெண்டு பக்கமும் பாத்து வைச்சிருக்கிறா."

அந்த நாளில் அவர் மீன் நாற்றத்தோடு வீடு வந்தால் கழுவாத கோப்பைகளும், அந்தக் கதிரையில் குந்தியிருக்கும் யோசெப்பினும். அவரைக் கண்ட பிறகுதான் எழும்பி வெங்காயம் வெட்டுவாள். அவள் சோம்பலைச் சொல்லி அவர் பிறகு லோறென்ஸ்கூக்கில் நடந்த தமிழ்க் கலியாண வீடுகளில் சிரிப்பு மூட்டாத மேசை இல்லை. அவளும் சேர்ந்து சிரிப்பாள். இப்போது வின்சென்றுக்கு வெட்கமாகவும் இருந்தது, பெருமையாகவும் இருந்தது.

பெட்டிமேல் வைக்கும் றோசாக்களின் காம்பை நறுக்க எம்மா கத்தியை எடுத்தாள்.

"வை மகள்."

"ஏனப்பா? நேரமாகுது."

"கொம்மா இன்னும் போய்ச் சேரேல்லை."

அவள் கத்தியை மெல்ல வைத்தாள். வின்சென்ற் ஒரு கதிரையை இழுத்து உட்கார்ந்து, கைகளை மடியில் வைத்துக்கொண்டார். றோசாக்கள் நீளக் காம்புகளோடு மேசையில் கிடந்தன.