சொதிக்கு முதல் பால்

பிழிந்த தேங்காய்ச் சக்கையை வனஜா மறுபடி மிக்ஸியில் போட்டாள். மிக்ஸி ஓடினால் வேறெதுவும் காதில் விழாது. அதனால் நிறுத்தாமல் ஓடவிட்டாள்.

"தேங்காயத்தான் அரைக்கியா, இல்ல மிக்ஸியவே அரைக்கியா?" என்று கூடத்திலிருந்து சித்தப்பா கேட்டார். திருநெல்வேலியிலிருந்து அண்ணன் சாவுக்கு வந்தவர். சாவு வீட்டிலும் மனிதருக்குக் கேலி விடாது.

அப்பா ரவிசந்திரன் முந்தாநாள் போனார். நேற்று எரித்தாயிற்று. இன்று அஸ்தி எடுக்கும்போது அவருக்குப் பிடித்ததைச் சுடுகாட்டில் படைக்க வேண்டும். "அண்ணன் கடைசியா என்ன கேட்டாவ?" என்று சித்தப்பா விசாரித்ததும் அம்மா ஆனந்தவல்லி யோசிக்காமல், "சொதி" என்றாள். அன்றைக்குச் செய்தவளே இன்றைக்கும் செய்யட்டும் என்று முடிவாயிற்று. வனஜாவை யாரும் கேட்கவில்லை.

மராத்திக்காரர்கள் ஊரான கட்கியில் இருந்த அவர்கள் வீட்டில் அதுவரை அடுப்பு மூட்டவில்லை. பக்கத்து வீட்டு சுனிலின் அம்மா கொண்டுவந்த கடலைமாவுப் பிட்லாவும் பாக்கரி என்கிற சோள ரொட்டியும்தான் சாப்பாடு. படையலுக்காக இப்போதுதான் பற்றவைத்தாள்.

முந்தாநாளும் இதே அடுப்புதான். டாக்டர் தேங்காயே கூடாது என்றிருந்தார். அப்பா ஒரு வாரமாகக் குழந்தை மாதிரி நச்சரித்ததில் வனஜா இளகிவிட்டாள். கேரட்டும் பீன்ஸும் முருங்கைக்காயும் வெந்து, பயத்தம்பருப்பும் சேர்ந்து, தேங்காயின் முதல் பால் ஊற்றியிருந்தாள். சொதி வைக்கிறவர்கள் அந்த நேரத்தில் மட்டும் அடுப்பை விட்டு நகர மாட்டார்கள். நுரை கூடும்போதே இறக்கிவிட வேண்டும், கொதித்தால் திரிந்துபோகும். திரிந்த சொதி திருநெல்வேலிக்காரர்களுக்கு மானக்கேடு.

அப்போதுதான் அறையிலிருந்து அப்பா, "வனஜா" என்றார்.

"இதோ வாரேம்ப்பா, பால் ஊத்திட்டேன்!"

இன்னொரு முறை கூப்பிட்டார், மெதுவாக. பசி பொறுக்கவில்லை என்று நினைத்து அவள் சிரித்துக்கொண்டாள். இறக்கி, எலுமிச்சை பிழிந்து, கிண்ணத்தில் ஊற்றிக் கொண்டுபோனபோது அப்பா கட்டிலில் ஒருபக்கமாகச் சாய்ந்து கிடந்தார். ஒரு கை வாசல் பக்கம் நீண்டிருந்தது.

"தூக்கத்துலயே போயிட்டாவ" என்று வந்தவர்களிடமெல்லாம் அம்மா சொன்னாள். வனஜாவும் தலையாட்டினாள். அதிலிருந்து குழாய்த் தண்ணீரிலும் லோக்கல் ரயிலின் ஊதலிலும் அவள் பெயர் கேட்டுக்கொண்டே இருக்கிறது. அவளுக்குப் பயமாக இருந்தது. பயத்தைவிட வெட்கம் அதிகமாக இருந்தது.

இப்போது சித்தப்பா வண்டி பார்க்கக் கீழே போனார். காய் வெந்துவிட்டது. வனஜா முதல் பாலை ஊற்றிக் கரண்டியால் கிண்டினாள். ஓரத்தில் நுரை கட்டத் தொடங்கியது.

"வனஜா."

கரண்டியைப் போட்டுவிட்டு ஓடினாள்.

அறையில் அகல்விளக்கு எரிந்துகொண்டிருந்தது. அப்பாவின் கட்டில் ஓரத்தில் அம்மா உட்கார்ந்திருந்தாள்.

"நீயாம்மா கூப்ட்ட?"

அம்மா இல்லையென்று தலையசைத்தாள். பிறகு மகளை நிமிர்ந்து பார்த்து, "ஒனக்கும் கேட்டுதாட்டி?" என்றாள்.

வனஜா கதவைப் பிடித்துக்கொண்டாள்.

"அன்னைக்கும் கேட்டுது. ரெண்டு தடவ. பால்கனியில துணி மடிச்சிட்டிருந்தேன். நீதான் உள்ள இருக்கியே, போயிருப்பியேன்னு நெனச்சேன்..."

சமையலறையிலிருந்து பால் திரிகிற வாசனை வந்தது. கீழேயிருந்து சித்தப்பா, "வண்டி வந்தாச்சு, சொதி ஆச்சா?" என்று குரல் கொடுத்தார். வனஜா சுற்றிப் போய்க் கட்டிலின் மறு ஓரத்தில் உட்கார்ந்தாள். நடுவில் ஓர் ஆள் படுக்கிற இடம் அப்படியே இருந்தது.