நோன்பு மாதத்தில் அசைந்த வாய்

தீபாவளியும் ரம்ஜானும் அடுத்தடுத்து வந்த இரண்டாயிரத்து நான்காம் ஆண்டில், விருதுநகர் வத்தல் மண்டிகளில் மிளகாயைவிடக் காரமாகக் கைமாறிய சரக்கு முகம்மது நூகுவின் வாய்தான். நோன்பு மாதத்துப் பட்டப்பகலில், பிற்பகல் அஸர் தொழுகைக்கு வரிசையில் நிற்கும்போதே அவ்வாய் மெல்லுகிறது என்பது செய்தி. தாடை இடமும் வலமும் போகிறது. உதடு சப்புக் கொட்டுகிறது. நாக்கு நுனி வெளியே எட்டிப் பார்த்துவிட்டு உள்ளே ஓடுகிறது. பார்த்தவர்கள் அனைவரும் நியாயவான்கள். ஆதலால், வாயில் என்ன இருக்கிறது என்று அவரிடம் ஒருவரும் கேட்கவில்லை. தங்களுக்குள்ளேயே தீர்ப்பு எழுதிக்கொண்டார்கள். பாக்கு என்றார் ஒருவர். சரக்குப் பார்க்கிற சாக்கில் நிலக்கடலையை அள்ளிப் போட்டுக்கொள்கிறார் என்றார் இன்னொருவர்.

வாயில் ஒன்றுமில்லை என்பது அவர் மனைவி சித்திகாவுக்குத் தெரியும். ஒன்றுமே இல்லாத வாய் ஏன் அசைகிறது என்பதுதான் அவளுக்கும் தெரியாது.

மகள் முஹ்சினா ஆறாம் வகுப்பில் படித்தபோது, நூகு உறக்கத்தைத் தொலைத்தார். வத்தல் மூட்டைகளுக்குள்ளிருந்து யாரோ தம்மை ஏசுவதாகச் சொல்லி, மூட்டைகளோடு வழக்காடினார். மதுரை மருத்துவர் ஒருவர் கொடுத்த மாத்திரை அவரை மீட்டுத் தந்தது. அன்று முதல் மண்டித் தெருவிலேயே நிதானமான மனிதர் அவர்தான். அடுத்த மாதம் வரச் சொல்லியிருந்தார் மருத்துவர். குணமான மனிதனை மனநல மருத்துவர் வாசலில் நிறுத்தி ஊருக்குக் காட்டுவானேன் என்று சித்திகா யோசித்தாள். பழைய அட்டையை நீட்டினால் புதிய அட்டை தருகிற மருந்துக்கடை இருக்க, மருத்துவர் எதற்கு? ஊரைப் பொறுத்தவரை அது அல்சர் மாத்திரை.

அந்த இரகசியத்தின் மீதுதான் இப்போது முஹ்சினாவின் கல்யாணம் உட்கார்ந்திருந்தது. மாப்பிள்ளை அஷ்ஃபாக். அவனுடைய தகப்பனார் ஹபீபுல்லா, சிவகாசியில் பட்டாசுப் பெட்டிகளுக்கு லேபிள் அச்சடிக்கும் பிரஸ் வைத்திருந்தார். தாயார் ஜைத்தூன் பீவிக்குச் சற்றுத் தலைக்கனம் என்பது சித்திகாவின் கணிப்பு. பெண் பார்க்க வந்த அன்று, அந்த அம்மாள் இரண்டு கைகளையும் துப்பட்டிக்குள்ளேயே வைத்திருந்தார். கொடுத்த தேநீரைத் தொடவே இல்லை.

நோன்பின் நடுவில் ஜமாஅத் செயலாளர் மீராசா, நூகுவின் வீட்டுக்கு வந்தார்.

“தங்கச்சி, மச்சானுக்கு ஒடம்புக்கு முடியலன்னா நோன்ப விட்டுறலாம், மார்க்கத்துல எடம் இருக்கு. நோன்புன்னு சொல்லிக்கிட்டு மெல்லக் கூடாதுல்ல? சிவகாசி வரைக்கும் சேதி போயிருச்சு. வெள்ளிக்கெளம நோன்பு தொறக்க இங்கன வாராகளாம். நாள் குறிக்கிறதா, கஞ்சியக் குடிச்சிட்டுக் கெளம்புறதான்னு அப்ப முடிவு பண்ணிக்கிறாகளாம்.”

சித்திகாவின் வாய் அவளைக் கேட்காமலேயே வேலை செய்தது. “அவுக மெல்லலண்ணே. பல்லு செட்டு. அளவு சரியில்லாம ஆடுது.”

“மச்சானுக்குப் பல்லு செட்டா? போன பெருநாளைக்கு எலும்ப நொறுக்குனாகளே.”

“அது போன பெருநாளு.”

பொய்யைச் சொல்லிவிட்டால் மட்டும் போதாது. அதைத் தீனி போட்டு வளர்க்கவும் வேண்டும். இந்தப் பொய் தின்னக் கேட்டது நூகுவின் பற்களை. அவையோ ஒன்றுகூடப் பழுதில்லாதவை.

“எம் பல்லு என்ன பாவம் பண்ணுச்சு?” என்றார் நூகு.

“ஒங்க வாய் பண்ணுச்சுல்ல. முஹ்சினாவ நெனச்சுக்கோங்க.”

மகளின் பெயரைக் கேட்டதும் அவர் சட்டையை மாட்டிக்கொண்டார். அன்று நோன்பு திறந்தபின் இருவரும் பஜாரில் பல் மருத்துவர் செல்வலட்சுமியிடம் போனார்கள். நல்ல பல்லைப் பிடுங்கச் சொல்லித் தாமாகவே வந்து வாயைத் திறந்த நோயாளியை அவர் அதுவரை பார்த்ததில்லை. பற்களைப் பார்த்தார், பிறகு, வாய்க்குள் அமைதியாகக் கிடக்க மறுத்த நாக்கை நெடுநேரம் பார்த்தார்.

“என்ன மாத்திரை சாப்பிடுறீக?”

“சத்து மாத்திரை,” என்றாள் சித்திகா.

“அல்சருக்கு,” என்றார் நூகு, அதே நேரத்தில்.

மருத்துவர் கையை நீட்டினார். சித்திகா கைப்பைக்குள்ளிருந்து அட்டையை எடுத்துக் கொடுத்தாள்.

“இது பல்லு வேலை இல்லம்மா, மாத்திரை வேலை. இந்த மாதிரி மாத்திரைய வருசக் கணக்கா சாப்பிட்டா, சில பேருக்கு வாயும் நாக்கும் இப்படித் தன்னால அசையும். எழுதிக் கொடுத்தவரு பார்த்து எம்புட்டு நாளாச்சு?”

“இவ ஆறாப்புப் படிக்கையில.”

“எவ?”

“எம் மக. இப்பக் கல்யாணத்துக்கு நிக்கிறா.”

செல்வலட்சுமி அட்டையைத் திருப்பிக் கொடுத்தார். “நீங்களா நிறுத்திறாதீக, அது இதைவிட ஆபத்து. மொதல்ல அவரப் போய்ப் பாருங்க. பல்லு அங்கனயே இருக்கட்டும்.”

வெள்ளிக்கிழமை வந்தது. கூடத்தில் ஆண்கள் அமர்ந்தார்கள். உள்ளறையில், திரைக்கு இப்புறம், சித்திகாவும் ஜைத்தூன் பீவியும் கஞ்சிக் கிண்ணங்களின் முன், நோன்பு திறக்கும் பாங்குக்குக் காத்திருந்தார்கள். பல் செட்டுப் பொய்யைக் காக்கும்படி கணவரிடம் சித்திகா காலையிலிருந்தே மன்றாடியிருந்தாள்.

“செட்டு இப்பச் சரியா இருக்கா மச்சான்?” என்று மீராசா கேட்பது கேட்டது.

“எல்லாம் அல்லாஹ் கட்டிவிட்ட செட்டு. ஒன்னும் ஆடல,” என்றார் நூகு. நகத்தால் பல்லைத் தட்டும் ஓசையும் வந்தது. “மனசு கெட்டுப் போனப்ப மாத்திரை சாப்பிட ஆரம்பிச்சேன், சம்பந்தி. இன்னைக்கும் சாப்பிடுறேன். அதுதான் வாயை அசைக்குது. நோன்ப நான் முறிக்கல.”

மீராசாதான் முதலில் வாயைத் திறந்தார்.

“என்ன மச்சான் நீங்க. பாக்குன்னு ஒரு வார்த்தை சொல்லியிருந்தா, தௌபா செஞ்சு, அல்லாஹ்கிட்ட மன்னிப்புக் கேட்டு முடிச்சிருக்கலாமே.”

சித்திகா கண்களை மூடிக்கொண்டாள். பாங்கு ஒலித்தது.

கண்ணைத் திறந்தபோது, ஜைத்தூன் பீவியின் கைகள் துப்பட்டிக்கு வெளியே வந்திருந்தன. அவை கிண்ணத்தைப் பற்றின. கிண்ணம் தட்டின் மேல் கடகடவென்று அடித்துக்கொண்டது. பாதிக் கஞ்சி பாயில் சிந்தியது.

“எனக்குக் கையி,” என்றார் அவர் தணிந்த குரலில். “அவுகளுக்குக் கொடுத்த மாதிரி மாத்திரைதான். ஊருக்குக் குளிர்வாதம்னு சொல்லி வச்சிருக்கோம்.”

“சிவகாசி வெயில்லயா?”

“நம்புறாகளே.”

சித்திகாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பாயைத் துடைத்துவிட்டு, இன்னொரு கிண்ணத்தைத் தன் கையாலேயே பிடித்துக் கொடுத்தாள். கூடத்திலிருந்து ஹபீபுல்லாவின் குரல் கேட்டது. “கல்யாணத்தப் பெருநாளுக்கு அடுத்த வாரம் வச்சுக்கிருவோம், சம்பந்தி. பிரஸ்லயும் சீசன் முடிஞ்சிரும்.” மீராசா என்ன நினைத்தார் என்பதற்குச் சாட்சியில்லை, ஆனால், வடையைக் கடித்த வாய் அப்படியே நின்றுவிட்டதைத் திரை இடுக்கில் சித்திகா பார்த்தாள்.

மறுவாரம் இரு குடும்பமும் ஒரே வேனில் மதுரைக்குப் போயின. கல்யாண ஜவுளி எடுக்கவென்று ஊருக்குச் சொல்லிக்கொண்டார்கள். ஊர் பையைப் பார்க்கும் என்பதால், பட்டும் எடுத்தார்கள். நூகுவுக்கு மாத்திரை எழுதிய பழைய மருத்துவர் முதலில் சித்திகாவைக் கோபித்தார். பிறகு, இருவருக்கும் மாத்திரையை மாற்றி எழுதினார். கை நடுக்கம் நிற்கும் என்றார். வாய் அசைவு குறையலாம், குறையாமலும் போகலாம், மாதந்தோறும் வர வேண்டும் என்றார்.

திரும்பி வந்து வேனை விட்டு இறங்கும்போதே மீராசா எதிரே நின்றார்.

“தங்கச்சி, மதுரையில எந்தக் கடை?”

கடைப் பெயர் அவள் நாக்கு நுனியிலேயே இருந்தது. பக்கத்தில் நூகுவின் வாய், தெரு முழுக்கப் பார்க்க, ஒன்றுமில்லாததைச் சாவதானமாக மென்றுகொண்டிருந்தது.

“மொதல்ல ஆஸ்பத்திரிண்ணே,” என்றாள் சித்திகா. “கடைக்கு அப்புறந்தான் போனோம்.”