பூட்டு தெரியும் இடம்

தையல் ஆலையின் அவசர வழிக் கதவு எப்போதும் சங்கிலி போட்டுப் பூட்டியே கிடக்கிறது என்று எழுத்தாளர் கட்டுரை எழுதியிருந்தார். தகவல் கொடுத்தது அங்கே வேலை செய்யும் அவருடைய நாத்தனார். அதை அச்சுக்குப் போகும் முன் வாசித்த நாத்தனாருக்கு முகம் வெளுத்துவிட்டது.

"அண்ணி, என் தலையில கல்லைப் போட்டுட்டீங்களே!"

"உன் பேரே போடலையே?"

"பேர் எதுக்கு? 'தூணுக்கும் அலமாரிக்கும் நடுவே பூட்டு தொங்குகிறது'ன்னு எழுதியிருக்கீங்க. அது பொத்தான் ஓட்டை போடுற மெஷின்ல உக்காந்தாத்தான் தெரியும். அங்க உக்கார்றது நான் ஒருத்திதான். என் கண்ணைப் பிடுங்கி உங்க கட்டுரையில வச்சிருக்கீங்க."

எழுத்தாளர் அந்த வரியை மறுபடி வாசித்துப் பார்த்தார். ஒன்றை நுணுக்கமாக விவரித்தால், அதைப் பார்த்தவர் உட்கார்ந்திருந்த இடமும் கூடவே வந்துவிடும். அந்த வரியை எடுத்துவிட்டாலோ, பூட்டே கிடையாது என்று முதலாளி சாதித்துவிடுவார். கட்டுரையைக் கேட்டுப் பத்திரிகை அலுவலகத்திலிருந்து மறுபடியும் போன் அடித்தது.

"வெளியிலேருந்து கதவை இழுத்தா என்ன ஆகும்?" என்று போனை எடுக்காமல் நாத்தனாரிடம் கேட்டார் எழுத்தாளர்.

"ரெண்டு விரல் நுழையற அளவு திறக்கும். சங்கிலி விறைச்சு நிக்கும், பூட்டும் தெரியும். ஆனா வாட்ச்மேன் பாத்துட்டா?"

"பாக்கட்டும். என் பேர்தான் கட்டுரைக்கு மேலேயே இருக்கே."

ஆலையின் பின்பக்க இரும்புப் படிகளில் ஏறி எழுத்தாளர் கதவை இழுத்தார். இடைவெளியில் பூட்டு ஆடியது.

"யாரும்மா மேல? இறங்கு!" என்று கீழிருந்து வாட்ச்மேன் கத்தினார்.

எழுத்தாளர் இறங்கவில்லை. அங்கேயே நின்று, போனில் பத்திரிகை ஆசிரியரிடம் பழைய வரிக்குப் பதிலாகப் புது வரியைச் சொன்னார்:

"வெளிப் படிக்கட்டில் நின்று நான் கதவை இழுத்தேன்."