சண்முகவேலின் தலைக்குள் பெய்த மழை

“பொம்பளையா ஆம்பளையான்னு மட்டும் சொல்லுங்க சிஸ்டர். மத்ததை நான் பாத்துக்கிடுறேன்.”

“அதுக்கு அப்படியெல்லாம் கிடையாதும்மா. அது பூஞ்சை. நாள்பட்ட ரொட்டியில பூக்குமே, அந்தச் சாதி. மொதல்ல நெஞ்சுல இருந்திருக்கு. இப்பத் தலைக்கு ஏறிருச்சு.”

“நெஞ்சுல இருந்து தலைக்கு ஏறத் தெரிஞ்சிருக்குல்ல? அப்பப் பொம்பளைதான்.”

கேட்டவள் விருதுநகர் வள்ளித்தாய். பதில் சொன்னவர் மதுரைப் பெரிய ஆஸ்பத்திரியின் வார்டு நர்ஸ் ஞானஜோதி. இருவருக்கும் நடுவே, பதினேழாம் நம்பர் கட்டிலில், வள்ளித்தாயின் புருஷன் சண்முகவேல் கண்ணை மூடிக்கொண்டு சிரித்தபடி படுத்திருந்தான். இரண்டு மாதமாக அவன் மூச்சில் மழை வாசனை வந்துகொண்டிருந்தது. அன்றைக்கும் வந்தது. எதிர்க் கட்டில்காரர் எழுந்து போய், வெளியே கொடியில் காய்ந்த தன் வேட்டியை எடுத்து வந்து மடித்து வைத்தார்.

அந்த வாசனை தொடங்கியது 2003 சித்திரையில், சம்பா மிளகாய் வத்தல் விலை ஏறியிருந்த ஒரு செவ்வாய்க்கிழமை. சண்முகவேல் விருதுநகரில் ஒரு வத்தல் கிட்டங்கியில், அதாவது சரக்குக் கிடங்கில், மிதிகாரன். வத்தல் நொறுங்காமலிருக்க முதல் நாளே தண்ணீர் தெளித்து வைப்பார்கள். மறுநாள் அதைச் சாக்கில் கொட்டக் கொட்ட, ஓர் ஆள் உள்ளே இறங்கி நின்று மிதித்து அமுக்குவான். பதினைந்து வருடமாக அந்த ஆள் இவன். கிட்டங்கியில் இருமல் ஒரு நோயாகக் கருதப்பட்டதில்லை. மிளகாய் நெடியில் முதலாளி இருமினார், கணக்கர் இருமினார், சாமி படத்துக்குப் பூப்போட வருகிறவர் வாசலிலேயே இருமிவிட்டு உள்ளே வந்தார். இருமாமல் நிற்கிறவனைத்தான், இவன் வேலை செய்யவில்லை என்று சந்தேகப்படுவார்கள். ஆகவே அதற்கு முந்தைய தை மாதம் சண்முகவேலுக்கு வேறொரு இருமல் வந்தபோது அதை ஒருவரும் பிரித்துப் பார்க்கவில்லை. கிட்டங்கி விடுமுறையான ஞாயிற்றுக்கிழமைகளிலும் அவன் இருமினான். பழக்கம் விடவில்லை என்று வள்ளித்தாய் நினைத்துக்கொண்டாள்.

கிட்டங்கியின் கூரையடியில் நாற்பது ஐம்பது புறாக்கள் இருந்தன. புறா தங்கினால் சரக்கு தங்காது, சீக்கிரம் விலைபோகும் என்று முதலாளி அவற்றை விரட்ட விடமாட்டார். சனிக்கிழமைதோறும் சண்முகவேல் பரணில் ஏறி, காய்ந்து தூளாகிக் கிடக்கும் எச்சத்தைக் கூட்டி, ஒரு பையில் அள்ளி வீட்டுக்குக் கொண்டுவருவான். வள்ளித்தாய் உடைந்த வாளியில் வைத்திருந்த மல்லிகைக்கு அதுதான் உரம். பின்னால் டாக்டர், இந்தப் பூஞ்சை புறா எச்சத்தில் வளரும் என்று சொல்லி, “புறா இருக்கிற இடத்துல புழக்கம் உண்டா?” என்று கேட்டபோது வள்ளித்தாய் கிட்டங்கியைச் சொன்னாள். மல்லிகையை அவள் யாரிடமும் சொல்லவில்லை.

மூன்று வருடமாக அந்தப் பக்கம் சரியான மழை கிடையாது. அதனால், கரிசல் மண்ணில் முதல் தூறல் விழுந்து ஆவி எழும்பும் வாசனை ஒரு மனிதனின் மூச்சில் வருகிறது என்ற செய்தி, வத்தல் விலையைவிட வேகமாகப் பரவியது. முதலில் தெருக்காரர்கள் வந்தார்கள். பக்கத்து வீட்டுப் பொன்மணி நாளைக்கு மூன்று தடவை வந்தாள். “தண்ணி எடுக்க வந்தேன்க்கா” என்பாள். “கொடத்தை எங்கடி?” என்று வள்ளித்தாய் கேட்டால், “அட, மறந்துட்டேன் பாருங்க” என்று சொல்லிவிட்டு, சண்முகவேல் மூச்சு விடும் பக்கமாகவே நின்றுகொண்டிருப்பாள். பிறகு வெளியூர்க்காரர்கள் வந்தார்கள். மல்லாங்கிணறு சோலைச்சாமி கொண்டுவந்த நிலக்கடலை விதையில் சண்முகவேல் ஒரு தடவை ஊதினான். மூன்றாம் நாள் அது துண்டு முடிச்சுக்குள்ளேயே முளைவிட்டிருந்தது. அதற்குப் பிறகு விதைப்பையோடு வருகிறவர்கள் வரிசையில் நின்றார்கள். முதலாளி வீட்டிலிருந்து ஒரு பிளாஸ்டிக் நாற்காலி வந்தது. பெயர் சொல்லிக் கூப்பிட ஆளில்லாமல் பதினைந்து வருடம் சாக்குக்குள் நின்ற மனிதன், வாசலில் நாற்காலி போட்டு, முழங்கால்களைச் சேர்த்துவைத்து, வெட்கத்தோடு மூச்சு விட்டுக்கொண்டிருந்தான்.

வள்ளித்தாய்க்கு வயிறு எரிந்தது. பதினோரு வருடம் அந்த மூச்சுக்குப் பக்கத்தில் படுத்தவள் அவள். அப்போது அதில் மிளகாய் நெடி அடித்தது. அதில் பங்கு கேட்டு ஒருத்தியும் வரவில்லை. இப்போது அவன் மூச்சு ஊருக்கெல்லாம் போய், அவள் பக்கம் திரும்பும்போது வெறும் களைப்பாக இருந்தது. அவள் சிவகாசிச் சாலையில் ஒரு பட்டாசு ஆலைக்குக் கம்பெனி வேனில் போய் வருபவள். வெடி மருந்தின் வெள்ளித்தூள் முழங்கை வரை படிந்து, எந்த சோப்புக்கும் போகாமல் மினுங்கும். வைகாசி முதல் வாரம் போர்மேன் பாலகுரு அவளை வாசலிலேயே நிறுத்தினார்.

“ஏத்தா, நீ உக்காந்த ரூம்புல ஒரு திரி கூடப் பத்தல. அம்புட்டும் நமத்துப் போச்சு. ஒம் புருசன் ஒன் சேலையில மழையைக் கட்டி அனுப்புறானா?”

“எனக்கு எங்கண்ணே அனுப்புறாக? ஊருக்குல்ல அனுப்புறாக!”

“யாருக்கோ அனுப்பட்டும். சீசன் லோடு போற நேரம். அவரு மூச்சு நிக்கிற வரைக்கும் நீ வராத.”

சொல்லிவிட்டு, சொன்னது எப்படிக் கேட்கிறது என்று புரிந்து, பாலகுரு நாக்கைக் கடித்துக்கொண்டார். வள்ளித்தாய் அதைக் கவனிக்கவில்லை. அனுபவிக்காத ஒன்றுக்காக வேலை போயிற்றே என்ற ஆத்திரத்தில், பன்னிரண்டு கிலோமீட்டர் நடந்தே வீட்டுக்கு வந்தாள்.

வைகாசி நடுவில் அவனுக்குத் தலைவலி வந்தது. வெளிச்சம் கண்ணை உறுத்தியது. சோறு தங்கவில்லை, கழுத்தை வளைக்க முடியவில்லை. ஆனாலும் அவன் முகத்தில் ஒரு சிரிப்பு இருந்தது. பேசிக்கொண்டே இருப்பவன் நடுவில் நிறுத்தி, யாரோ கூப்பிட்டதுபோலத் தலையைச் சாய்ப்பான். “என்னங்க?” என்று கேட்டால், “உள்ள மழை பெய்யுது” என்பான். ஒருநாள் மத்தியானம் அவன் தூங்கும்போது வள்ளித்தாய் தன் காதை அவன் காதோடு ஒட்டிவைத்துக் கேட்டாள். மழை பெய்துகொண்டுதான் இருந்தது. ஓட்டின் மேலும் சேற்றின் மேலும் விழுகிற நல்ல கனத்த மழை. அதற்குள்ளே யாரோ ஒரு பெண் நடந்து வந்துகொண்டிருந்தாள். ஒரு கால் எடுத்து வைக்கும்போது கொலுசு சத்தம் கேட்டது. மறு காலுக்குக் கேட்கவில்லை. ஜல், அப்புறம் ஒன்றுமில்லை. ஜல், அப்புறம் ஒன்றுமில்லை.

அவனை உலுக்கி எழுப்பினாள். “யாரு அந்த நொண்டிச் சிறுக்கி?”

“தெரியல புள்ள. மொகம் தெரியல.” அவன் வலியோடு கண்ணைச் சுருக்கினான். “ஆனா நல்லவ.”

பதினோரு வருடத்தில் அவன் வள்ளித்தாயைப் பற்றி அப்படி ஒரு சொல் சொன்னதில்லை. குழம்பு நல்லா இருக்கு என்பதைக்கூட, இன்னும் கொஞ்சம் ஊத்து என்றுதான் சொல்லியிருக்கிறான். மறுநாள் காலையே அவள் மதுரைக்கு வண்டி பேசினாள். சண்முகவேல் வரமாட்டேன் என்றான். வண்டியை மறித்து நின்ற கூட்டத்தில் சோலைச்சாமி கும்பிட்டுக் கேட்டார். “ஆடி விதைப்பு முடியட்டும் தாயி. அதுவரைக்கும் விட்டு வையி. கரிசக்காடு பூராம் இவரை நம்பிக் கெடக்கு.”

“ஆடி வரைக்கும் அவ இருப்பா பெரியவரே. இவுக இருப்பாகளா?”

கூட்டம் விலகியது. அவனை இழுத்து வண்டியில் ஏற்றியபோது அவளுக்குள் இருந்தது பயத்தைவிடப் பொறாமைதான் என்பது அவளுக்குத் தெரியும். ஞானஜோதியிடம் அதை மறைக்காமல் சொன்னாள். “எதுனால கூட்டியாந்தா என்ன, கூட்டியாந்துட்டீகல்ல” என்று ஞானஜோதி மருந்து பாட்டிலைத் தொங்கவிட்டார்.

ஆறு வாரம் மருந்து ஏறியது. மருந்து ஏறும் ஒவ்வொரு தடவையும் அவன் குளிரில் கட்டில் அதிர நடுங்கினான். தலைக்குள் இருக்கும் அழுத்தம் குறைவதற்காக முதுகெலும்பில் ஊசி போட்டு நீர் எடுத்தார்கள்; எடுத்த நேரமெல்லாம் வார்டு முழுக்க மண் மணந்தது. வள்ளித்தாய் இரண்டு போர்வையை அவன்மேல் போட்டு, அதற்கு மேல் தானும் சாய்ந்து அமுக்கிக்கொண்டு, பாட்டிலிலிருந்து சொட்டும் ஒவ்வொரு சொட்டையும் பார்த்துக்கொண்டிருந்தாள். “போடி, போடி” என்று ஒவ்வொரு சொட்டுக்கும் சொன்னாள். நாள்தோறும் அவன் காதில் காதை வைத்துக் கேட்டாள். மழை தூறலானது. கொலுசு தூரத்தில் போனது. முப்பத்தொன்பதாம் நாள் பதினேழாம் நம்பர் கட்டிலின் மேல் மட்டும் கால் மணி நேரம் மழை பெய்தது. ஞானஜோதி சார்ட்டை நனையாமல் எடுத்து வைத்துக்கொண்டு, மெத்தை உறையை மாற்றச் சொல்லி ஆயாவைக் கூப்பிட்டார். அன்றைக்கு அவன் தலைக்குள் சத்தமே இல்லை. மூச்சில் மருந்து நெடி மட்டும் வந்தது. வள்ளித்தாய் வாசலுக்குப் போய், ஜெயித்தவள்போல ஒரு டீ குடித்துவிட்டு வந்தாள்.

திரும்பி வந்தவளைப் பார்த்து அவன் எழுந்து உட்கார முயன்றான். “வாங்க. யாரைப் பாக்க வந்திருக்கீக?”

அவனுக்கு முதலாளியைத் தெரிந்தது, சோலைச்சாமியைத் தெரிந்தது, தன் தெருவின் வீடுகள் வரிசையாகத் தெரிந்தன. அவளை மட்டும் தெரியவில்லை. பூஞ்சை ஆறிய இடத்தில் தழும்பு இருக்கும், அந்த இடத்தில் இருந்தது திரும்ப வந்தாலும் வரலாம் என்றார் டாக்டர். “நான்தாங்க, வள்ளித்தாய்” என்று அவள் அவன் தோளைப் பிடித்தாள். அவன் மரியாதையாகச் சிரித்தான். “எம் பொஞ்சாதி பேரும் அதுதான். சாடையும் கொஞ்சம் அப்படித்தான். ஆனா அவளுக்கு இம்புட்டுக் கோவம் வராது.”

பிறகு, புது ஆள் கிடைத்த சந்தோஷத்தில், தன் வள்ளித்தாயைப் பற்றிச் சொல்லத் தொடங்கினான். 1992 ஐப்பசியில் கல்யாணம். பொண்ணு ஊரான காரியாபட்டியிலிருந்து வரும்போது ஓடையில் தண்ணீர் போனதால் பஸ் நின்றுவிட்டது. இறங்கி மழையில் நடந்தார்கள். பொண்ணுக்கு இடது கால் கொலுசு சேற்றில் போய்விட்டது. அழுவாள் என்று பார்த்தான். அவள் அழவில்லை; சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு, ஒத்தைக் கொலுசோடு அவனுக்கு முன்னால் நடந்தாள். “ஜல்லுன்னு ஒரு கால்ல மட்டும் கேக்கும். அந்தச் சத்தத்துலயே நான் வீடு வந்து சேந்தேன். ரொம்ப நல்லவ அவ.”

வள்ளித்தாய் கட்டில் விளிம்பில் உட்கார்ந்து தன் கால்களைப் பார்த்தாள். மிச்சமிருந்த அந்த ஒற்றைக் கொலுசை மறுவருடமே அழித்து மெட்டி செய்துவிட்டாள். மெட்டி விரலில் இருந்தது. கொலுசை அவள் மறந்தே போயிருந்தாள். தலைக்குள் நடந்தவள் யாரென்று அவளுக்கு இப்போது தெரிந்தது. போடி, போடி என்று முப்பத்தொன்பது நாள் விரட்டியது யாரை என்பதும் தெரிந்தது.

வீட்டுக்கு வந்தார்கள். சண்முகவேல் பிழைத்துக்கொண்டான். மாத்திரைகளை ஒழுங்காகச் சாப்பிட்டான், கிட்டங்கியில் மிதிக்கிற வேலையை விட்டுக் காவலுக்கு மாறினான். பொன்மணி குடத்தோடு வந்து தண்ணீர் எடுத்துக்கொண்டு உடனே போனாள். வள்ளித்தாய் மல்லிகையைப் பிடுங்கி எறிந்துவிட்டு மறுபடி பட்டாசு ஆலைக்குப் போனாள். திரிகள் ஒழுங்காகப் பற்றின. வருடங்கள் போயின. முன்பு “ஏ புள்ள” என்று கூப்பிட்டவன் இப்போது, “வேலை விட்டு வந்துட்டீகளா? சாப்பிட்டீகளா?” என்று எழுந்து நின்று கேட்டான். அவளுக்குத் தனித் தட்டு கழுவி வைத்தான். காய்ச்சல் வந்தால், “எம் பொஞ்சாதி வந்தா உங்களுக்குக் கசாயம் வச்சுத் தருவா” என்றான். அந்த மரியாதை அவளுக்குப் பிடித்திருந்தது. அதனாலேயே மற்றவள் மேல் பொறாமை கூடியது. கோபம் வராத, அழாத, சமையலில் குறை இல்லாத, பத்தொன்பது வயதைத் தாண்டாத அந்த வள்ளித்தாயோடு எந்த விஷயத்திலும் போட்டி போட முடியவில்லை. ஒரு வீட்டில் இரண்டு வள்ளித்தாய், ஒருத்தி இருக்கிறாள், ஒருத்தி வரவேண்டியிருக்கிறாள் என்பதைத் தெருவும் ஏற்றுக்கொண்டது. கல்யாணப் பத்திரிகை வைக்க வருகிறவர்கள், “அவுக வந்தாலும் சொல்லிருங்க” என்று சொல்லிவிட்டுப் போனார்கள்.

2008 தீபாவளி போனஸில் வள்ளித்தாய் ஒரு ஜோடிக் கொலுசு வாங்கினாள். அதைப் போட்டுக்கொண்டு வாசலுக்கும் அடுப்படிக்கும் இரண்டு தடவை நடந்தாள். சண்முகவேல் தலையைச் சாய்த்துக் கேட்டான். “நல்லா இருக்கு. உங்களுக்கு ரெண்டு கால்லயும் கேக்குது. அவளுக்கு ஒரு கால்லதான் கேக்கும்.”

அவள் குனிந்து இடது கால் கொலுசைக் கழற்றினாள். வெள்ளித்தூள் படிந்த உள்ளங்கையில் அது எங்கே இருக்கிறது என்றே தெரியவில்லை. வெளியே ஐப்பசி மழை பிடித்துக்கொண்டது. எல்லார் வீட்டின் மேலும் ஒரேமாதிரி பெய்தது. அவன் நாற்காலியை விட்டு எழுந்து, ஆணியில் தொங்கிய குடையை எடுத்துவந்து, மிகுந்த தயக்கத்தோடு அவளிடம் நீட்டினான்.

“தப்பா நெனைக்காதீக. ஒரு ஒத்தாசை. தெருமொனை வரைக்கும் போயி, எம் பொஞ்சாதி மழையில வாராளான்னு கொஞ்சம் பாத்து, கூட்டியாரீகளா?”